வாசலில் நிற்கிற ராஜா

செப்டம்பர் 21, வியாழன்

வேலை கிடைத்தது. கிடங்கில் சரக்கு சரிபார்க்கும் வேலை என்று சொல்லித்தான் கூப்பிட்டார்கள். காந்திபுரத்தில் ஐந்து மாடி ஜவுளிக்கடை. மேனேஜர் என்று வந்தவருக்கு இருபத்தெட்டு வயதுக்கு மேல் இராது. பெயர் கிஷோர். என்னை மேலும் கீழும் பார்த்தார். நான் கொண்டுபோன சான்றிதழ்களைப் பிரிக்கவே இல்லை.

"அண்ணா, உயரம் எவ்வளவுங்க?"

"ஆறடிக்கு ஒரு இஞ்ச் கம்மிங்க."

"கிடங்கு வேண்டாங்கண்ணா. உங்களுக்கு வேற வேலை இருக்குது."

ராஜா வேலை. தீபாவளி வரைக்கும் கடை வாசலில் ராஜா வேஷத்தில் நின்று, வருகிறவர்களைக் கும்பிட்டு வரவேற்க வேண்டும். சரி என்றேன். வேண்டாம் என்று சொல்லத் தோன்றவில்லை.

இருபத்தாறு வருஷம் மில்லில் ஷிப்ட் சூப்பர்வைசராக இருந்தபோது தினமும் ரிஜிஸ்டர் எழுதினேன். எந்த மிஷின் நின்றது, ஏன் நின்றது, யார் வரவில்லை. அந்தப் பழக்கத்தில்தான் இதை எழுத உட்கார்ந்திருக்கிறேன். மில் மூடி நான்கு வருஷம். என் மனைவி சரசா போய் ஒன்றரை வருஷம். வீட்டிலேயே இருக்க முடியவில்லை. காற்றடித்தால் வெளிக்கேட் கிறீச்சிடுகிறது. எண்ணெய் விட்டுப் பார்த்தேன். போகவில்லை.

செப்டம்பர் 22, வெள்ளி

இரண்டாம் மாடிக்குப் பின்னால் ஒரு அறை. துணி மாட்டி நிறுத்துகிற பழைய பொம்மைகளை அங்கேதான் போட்டு வைத்திருக்கிறார்கள். தலை இல்லாதவை, கை கழன்றவை. அவற்றுக்கு நடுவில் நின்று வேஷம் கட்டிக்கொண்டேன். சரிகை அங்கி, தலைப்பாகை, இடுப்பில் அட்டை வாள். என் மீசை போதாது என்று அதன் மேலேயே பெரிய மீசை ஒன்றை ஒட்டினார்கள். கன்னம் வரைக்கும் வருகிறது. கண்ணுக்கு மை வேறு.

விதிகள்:

"வருக வருக" தவிர வேறு எதுவும் பேசக்கூடாது. யாராவது வழி கேட்டால் கையால் காட்ட வேண்டும். உட்காரக்கூடாது. மூக்குக்கண்ணாடி போடக்கூடாது. ராஜா கண்ணாடி போட்டால் ஜனங்கள் சிரிப்பார்களாம்.

கண்ணாடி இல்லாமல் எனக்கு ஒரு முழம் தாண்டினால் முகம் தெரியாது. இன்று முழுக்க நிறங்களுக்குத்தான் கும்பிடு போட்டேன். பச்சை வந்தது, ஊதா வந்தது, இரண்டு மஞ்சள் சேர்ந்து வந்தன.

எனக்குப் பக்கத்தில் ஒரு சிம்மாசனம் இருக்கிறது. சிவப்பு வெல்வெட். அது வாடிக்கையாளர்கள் உட்கார்ந்து போட்டோ எடுத்துக்கொள்வதற்கு.

செப்டம்பர் 23, சனி

கால் வலி.

செப்டம்பர் 26, செவ்வாய்

தினமும் காலை ஒன்பதே முக்காலுக்கு எல்லோரும் தரைத்தளத்தில் வரிசையாக நின்று உறுதிமொழி சொல்ல வேண்டும். முன்னூறு பேர். "வாடிக்கையாளரே நம் குடும்பம். குடும்பத்தை முகம் சுளிக்க விடமாட்டோம்." பக்கத்தில் நிற்கிற பெண்கள் உதட்டை மட்டும் அசைக்கிறார்கள். நான் சத்தமாகவே சொன்னேன். முதல் வாரம் இல்லையா.

எனக்கு எதிர்ப்பக்கம், பைகளை வாங்கி வைத்துக்கொண்டு டோக்கன் கொடுக்கும் இடத்தில் நூர்ஜகான் என்று ஒரு அம்மா. நாற்பத்தைந்து வயது இருக்கும். ஒட்டுமீசை நழுவினால் அவர்தான் இருமிக் காட்டுவார். கூட்டம் இல்லாத மதிய நேரத்தில் உதட்டை அசைக்காமல் என்னோடு பேசக் கற்றுக்கொடுத்தார். மேலே கேமரா இருக்கிறது.

"பசங்க எத்தனை பேருங்கண்ணா?"

"ஒரே பொண்ணுங்க. வெளியூர்ல இருக்குது."

"அடிக்கடி வருமுங்களா?"

அதற்குள் ஒரு குடும்பம் வந்துவிட்டது. வருக வருக.

வெளியூர் என்று எதற்குச் சொன்னேனோ. ரேணு எந்த ஊரில் இருக்கிறாள் என்று எனக்குத் தெரியாது. ஆறு வருஷம் ஆயிற்று. யாரையோ கட்டிக்கொண்டு போனாள். அம்மாவின் சாவுக்குக்கூட வரவில்லை.

செப்டம்பர் 29, வெள்ளி

கிஷோர் கூப்பிட்டு அனுப்பினார். வாசல் நிலையில் ஆள் எண்ணுகிற கருவி ஒன்று இருக்கிறதாம். உள்ளே வருகிறவர்களை அது எண்ணும். வந்தவர்களில் எத்தனை பேர் வாங்கினார்கள் என்று தலைமை அலுவலகத்தில் பார்ப்பார்கள்.

"அண்ணா, நீங்க ஒண்ணுக்குப் போறதுக்கு வெளிய போய்ட்டு வாசல் வழியாவே உள்ள வரீங்க. அது உங்களையும் கஸ்டமர்னு எண்ணுது. தினமும் நாலஞ்சு தடவை உள்ள வந்துட்டு எதுவும் வாங்காமப் போற கஸ்டமர்."

"நான் வாங்கலைங்களே சார்."

"அதான் பிரச்சினை."

இனிமேல் பின்பக்கம் சரக்கு லிஃப்டில் போய், மூன்றாம் மாடியில் இறங்கி, படி வழியாக வர வேண்டும். போய்வர இருபது நிமிஷம் ஆகிறது. தண்ணீர் குடிப்பதைக் குறைத்துக்கொண்டேன்.

அக்டோபர் 3, செவ்வாய்

கிராமத்திலிருந்து வந்த வயதான புருஷன் பெண்சாதி இருவர் செருப்பை வெளியே கழற்றி வைத்துவிட்டுக் கடைக்குள் வந்தார்கள். என்னைப் பார்த்து இருவரும் கும்பிட்டார்கள். நானும் கும்பிட்டேன். அவர்கள் விடாமல் கும்பிட்டுக்கொண்டு நின்றார்கள். நான் கையை இறக்கிய பிறகுதான் நகர்ந்தார்கள். ஒரு மணி நேரம் கழித்து வெறுங்கையோடு திரும்பினார்கள். வெளியே போய்ச் செருப்பைத் தேடினார்கள். யாரோ பெருக்கித் தள்ளிவிட்டிருந்தார்கள். குப்பைக் கூடைக்குப் பின்னால் தள்ளிய சத்தத்தை நான் கேட்டிருந்தேன். வாயைத் திறக்க முடியாது. கையால் காட்டினேன். ஆசீர்வாதம் செய்வதாக நினைத்து மறுபடி கும்பிட்டார்கள். நூர்ஜகான்தான் ஓடிப்போய் எடுத்துக் கொடுத்தார்.

அக்டோபர் 5, வியாழன்

காலையில் திடீரென்று மாடிக்கு மாடி பிளாஸ்டிக் ஸ்டூல்கள் வந்து இறங்கின. கடை ஆட்கள் உட்கார இருக்கை தர வேண்டும் என்று சட்டம் இருக்கிறதாம். அதைப் பார்க்க அதிகாரி வருகிறார் என்று பேச்சு. பெண்கள் எல்லோரையும் உட்காரச் சொன்னார்கள். பாவம், பலருக்கு எப்படி உட்காருவது என்றே தெரியவில்லை. ஸ்டூல் நுனியில் தொற்றிக்கொண்டு இருந்தார்கள். பன்னிரண்டு மணிக்கு அதிகாரி போனார். பன்னிரண்டே காலுக்கு ஸ்டூல்களும் போயின. ராஜாவுக்கு ஸ்டூல் இல்லை. ராஜாவைக் கடை ஆள் என்று அதிகாரி நினைத்திருக்க மாட்டார். என்னோடு நின்று ஒரு போட்டோ எடுத்துக்கொண்டார்.

சாயங்காலம் கந்தல் சேலை கட்டிய ஒரு பெண் மூட்டையோடு உள்ளே நுழையப் பார்த்தாள். செக்யூரிட்டி நிறுத்திவிட்டார். அவள் சண்டை போடவில்லை. கொஞ்ச நேரம் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்று உள்ளே பார்த்தாள். பிறகு போய்விட்டாள்.

ரேணு அம்மாவின் சாவுக்கு வரவில்லை என்று முன்னே எழுதியிருக்கிறேன். ரிஜிஸ்டரில் பொய் இருக்கக்கூடாது. அவள் வந்தாள். பங்காளிகள் கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள்.

அக்டோபர் 11, புதன்

மழை. கூட்டம் இல்லை. சேலை மடிக்கிற பெண்கள், மடித்த சேலையைப் பிரித்து மறுபடி மடித்துக்கொண்டிருந்தார்கள். சும்மா நின்றால் திட்டு விழும்.

அக்டோபர் 16, திங்கள்

பாதம் இரண்டும் வீங்கிவிட்டன. ராஜாவுக்குக் கொடுத்த வளைந்த மூக்குச் செருப்பில் நுழையவில்லை. பின்பக்கத்தை மிதித்துக்கொண்டு நின்றேன். சுகர் மாத்திரை தீர்ந்து மூன்று நாள். நாளை வாங்க வேண்டும். இந்த மாதிரி விஷயமெல்லாம் சரசா பார்த்துக்கொண்டாள்.

கடைசி நாட்களில் அவள் ஆஸ்பத்திரியில் என்னிடம் ஒன்றுதான் கேட்டாள். "ஒரு தடவை அவளை வரச் சொல்லுங்க." பார்க்கலாம் என்றேன். அடுத்த நாள் கேட்டாள். பார்க்கலாம் என்றேன். மூன்றாம் நாள் கேட்கவில்லை. மறந்துவிட்டாள் என்று நினைத்தேன்.

அப்படி நினைத்தேன் என்று எழுதுகிறேன்.

அக்டோபர் 23, திங்கள்

ஆயுத பூஜை. பில் போடும் கம்ப்யூட்டர்களுக்குப் பொட்டு வைத்தார்கள். சிம்மாசனத்துக்கு மாலை போட்டார்கள். எல்லோருக்கும் பொரி கடலை. கடைக்கு லீவு இல்லை.

அக்டோபர் 29, ஞாயிறு

தீபாவளிக்கு இரண்டு வாரம். வாசலில் நிற்க இடமில்லை. ஸ்பீக்கரில் கடையின் பாட்டு ஓயாமல் ஓடிக்கொண்டே இருந்தது. காலையிலிருந்து எத்தனை கும்பிடு போட்டேனோ, தோள் மரத்துவிட்டது.

இரண்டு மணி வாக்கில் ஒரு குழந்தை சிம்மாசனத்தில் ஏறி உட்கார்ந்தது. பெண் குழந்தை. நான்கு வயது இருக்கும். போட்டோ எடுக்கப் போனால் இறங்கி என் அங்கியைப் பிடித்துக்கொண்டது. ராஜா தூக்கினால்தான் போட்டோ என்று அடம்.

"ஷெரின், ராஜாவத் தொந்தரவு பண்ணக்கூடாது கண்ணு. அவருக்குக் கை வலிக்கும்."

அந்தக் குரல்.

அது டிபன் பாக்ஸை மறந்து நான் கிளம்பும்போதெல்லாம் தெருமுனை வரைக்கும் ஓடிவந்து கூப்பிட்ட குரல். ப்ளஸ் டூ ரிசல்ட் அன்று மில் ஆபீஸ் போனில் கேட்ட குரல். பாட்டுச் சத்தம், ஆள் சத்தம் எதுவும் அதை மறைக்கவில்லை.

முகம் தெரியவில்லை. இரண்டு கை தூரத்தில் மாம்பழ நிறத்தில் ஒரு சுடிதார், அவ்வளவுதான். அதற்குப் பக்கத்தில் உயரமாக, வெள்ளைச் சட்டையில் ஒருவர். அவர்தான் சொன்னார்: "சார், ஒரு நிமிஷம் தூக்கிக்கறீங்களா? விட மாட்டேங்கறா."

குழந்தையைத் தூக்கினேன். கனமே இல்லை. தலையில் தேங்காயெண்ணெய் வாசம். என் காதருகில் வாயை வைத்து, "ராஜா, இந்த மீசை ஒட்டுனதா?" என்று கேட்டது. ஆமாம் என்று தலையசைத்தேன். "நான் யாருட்டயும் சொல்ல மாட்டேன்," என்றது.

மாம்பழ நிறம் போனைத் தூக்கிப் பிடித்தது.

"கொஞ்சம் சிரிங்க."

சிரித்தேன்.

"தேங்க்ஸுங்க."

எனக்குச் சொன்னாள். தேங்க்ஸுங்க என்று.

குழந்தையை இறக்கிவிட்டேன். அவர்கள் உள்ளே போனார்கள். "வருக வருக," என்றேன். அதைச் சொல்லத்தான் எனக்கு அனுமதி.

விதி இருந்ததால்தான் பேசவில்லை. கேமரா இருக்கிறது, கிஷோர் முதல் மாடிக் கைப்பிடியில் நின்று பார்த்துக்கொண்டிருப்பார். பேசினால் வேலை போய்விடும்.

ஆறு வருஷமாக எந்தக் கேமராவும் இல்லையே.

அக்டோபர் 30, திங்கள்

நூர்ஜகான் காலையிலேயே ஆரம்பித்தார்.

"நேத்து உங்ககூட போட்டோ எடுத்துச்சே ஒரு பொண்ணு, மாம்பழக் கலர் சுடிதார். திரும்பி வந்து பை வாங்கிட்டுப் புருஷனையும் கொழந்தையையும் முன்னாடி போகச் சொல்லிருச்சுங்கண்ணா. அந்தத் தூணுக்குப் பக்கத்துல நின்னு உங்களையே பாத்துட்டு இருந்துச்சு. அரை மணி நேரம் இருக்கும்."

ஒட்டுமீசையை அழுத்திவிட்டுக்கொண்டேன்.

"எங்கிட்ட கேக்குது, 'இவரு எப்பவும் நின்னுட்டேதான் இருப்பாருங்களா, அந்தச் சேர்ல உக்கார மாட்டாருங்களா'ன்னு. உக்காரக்கூடாதுங்கன்னு சொன்னேன். 'கால் வீங்கியிருக்குதுங்களே'ன்னுச்சு. அங்கிக்குக் கீழ பாத்திருக்குது பாருங்க. அப்புறம் கருத்து எழுதற காகிதம் கேட்டு வாங்கி என்னமோ எழுதிப் போட்டுட்டுப் போச்சு. கண்ணெல்லாம் செவந்து போயிருந்துச்சு. உங்களுக்குத் தெரிஞ்ச பொண்ணுங்களா?"

"இல்லீங்க," என்றேன்.

நூர்ஜகான் என்னைப் பார்த்தார். ஒரு முழத்துக்குள்தான் நின்றார். அவர் முகம் நன்றாகத் தெரிந்தது. மேற்கொண்டு கேட்கவில்லை.

அப்படியானால் போட்டோ எடுக்கும்போதே அவளுக்குத் தெரிந்திருக்கிறது. சிரிக்கச் சொன்னதும் தெரிந்துதான்.

நவம்பர் 2, வியாழன்

கிஷோர் அறைக்குக் கூப்பிட்டார். மேஜைமேல் அந்தக் காகிதம். கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டேன். அறைக்குள் தடுக்கவில்லை.

"வாசலில் நிற்கும் பெரியவருக்கு உட்கார ஒரு நாற்காலி கொடுங்கள். அவருக்குச் சர்க்கரை நோய் இருக்கிறது."

கீழே: ந. ரேணுகாதேவி, போத்தனூர். செல் நம்பர்.

போத்தனூர். என் வீட்டிலிருந்து ஒரே பஸ்.

இனிஷியலை அவள் மாற்றவில்லை. ந. நாச்சிமுத்து.

"உங்களுக்கு சுகர் இருக்கறது ஒரு கஸ்டமருக்கு எப்படிங்கண்ணா தெரியும்? நீங்க சொல்லி எழுத வெச்சீங்களா?"

"இல்லீங்க சார்."

"யாரு இது? சொந்தக்காரங்களா?"

"தெரியாதுங்க."

இரண்டாவது தடவை.

கிஷோர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. தலைமை அலுவலகக் கம்ப்யூட்டரில் இந்தப் புகார் சிவப்பாக நிற்கிறதாம். வாடிக்கையாளரிடம் பேசி, திருப்தி என்று வாங்கினால்தான் பச்சையாகும். நாளையோடு கெடு முடிகிறது.

"ஒரு நாற்காலி போட்டுட்டா என்னங்க சார்?"

"ராஜா எங்கயாச்சும் பிளாஸ்டிக் சேர்ல உக்காருவாரா? டிசைன் டீம்ல ஒத்துக்க மாட்டாங்கண்ணா. நீங்களே பேசிருங்க. நாற்காலி வேண்டாம்னு சம்பந்தப்பட்ட ஆளே சொன்னா அவங்களும் ஒண்ணும் சொல்ல முடியாது. என்ன பேசணும்னு நான் எழுதித் தரேன்."

நவம்பர் 3, வெள்ளி, காலை

பஸ்ஸுக்கு இன்னும் அரை மணி நேரம் இருக்கிறது. போன் பேசுவதற்கு முன்னால் இதை எழுதிவிட வேண்டும்.

கேட்டில் நிறுத்தியது பங்காளிகள் இல்லை. அவர்கள் பந்தலுக்கடியில் உட்கார்ந்திருந்தார்கள். சின்னையன் மாமாகூட, "பெத்த தாய்டா, ஒருவாட்டி பாத்துட்டுப் போகட்டும்," என்றார். நான் எழுந்து போனேன். கேட்டைச் சாத்தினேன். தாழ்ப்பாளைப் போட்டுவிட்டு இந்தப் பக்கம் நின்றேன். அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு அந்தப் பக்கம் நின்றாள். இடுப்பில் குழந்தையோடு வந்திருந்தாள் என்று இப்போதுதான் எழுத வருகிறது. இரண்டு வயது இருந்திருக்கும். அது ஷெரின்தான்.

அவள் புருஷன் ரோட்டுக்கு அந்தப் பக்கம் பைக்கோடு நின்றான். அவன் பெயர் எபினேசர். சேரியிலிருந்து படித்து வந்த பையன். கெட்டவன் என்று யாரும் என்னிடம் சொன்னதில்லை. நானும் விசாரித்ததில்லை.

சரசாவை எடுத்துக்கொண்டு போகும்போது பின்வாசல் வழியாக எடுக்கச் சொன்னேன்.

நவம்பர் 3, வெள்ளி

பத்து மணிக்கு கிஷோர் அறையில் உட்கார்ந்தேன். வேஷம் கட்டியாகிவிட்டது. தலைப்பாகையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டேன். அவரே நம்பரைப் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார். தட்டச்சு செய்த காகிதம் என் கையில்.

மூன்று தடவை மணி அடித்தது.

"ஹலோ."

"வணக்கம் மேடம். ஜவுளிக்கடையிலிருந்து பேசுகிறோம். கடந்த இருபத்தொன்பதாம் தேதி தாங்கள் எழுதிய கருத்துக்கு நன்றி."

பின்னால் எங்கேயோ குக்கர் விசில் கேட்டது.

"சொல்லுங்க," என்றாள்.

"வாசலில் நிற்கும் பணியாளர் தம்முடைய சொந்த விருப்பத்தின் பேரில்தான் நிற்கிறார். அவருக்கு நாற்காலி தேவைப்படவில்லை. தங்களுடைய புகாரை முடித்துக்கொள்ளலாமா?"

"அவரே விரும்பித்தான் நிக்கறாருங்களா?"

இதற்குக் காகிதத்தில் பதில் இல்லை. கிஷோர் ஆமாம் என்று தலையாட்டினார்.

"ஆமாங்க," என்றேன்.

"போன வருஷம் மார்ச் மாசம் எங்கம்மா செத்துப்போன அன்னைக்கும் ஒருத்தரு வாசல்ல நின்னாருங்க. அவரும் விரும்பித்தான் நின்னாருங்களா?"

கிஷோர் போனைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

காகிதத்தை மேஜைமேல் வைத்தேன்.

"ஆமா கண்ணு," என்றேன். "நாந்தான் நின்னேன். யாரும் சொல்லி நிக்கல. நானாத்தான் போய்க் கேட்டைச் சாத்துனேன்."

குக்கர் இன்னொரு விசில் விட்டது. அதன்பின் அடுப்பை அணைக்கிற சத்தம். வைத்துவிட்டாளோ என்று நினைத்தேன்.

"அது போதுங்க," என்றாள். அழுதிருக்கிறாள் என்று தெரிந்தது. "ஒருதடவையாவது உங்க வாயால சொல்லோணும்னு இருந்தேன். புகாரை முடிச்சுக்கங்க."

வைத்துவிட்டாள்.

கிஷோர் ஜன்னல் பக்கம் திரும்பி நின்றார். பிறகு கம்ப்யூட்டரைத் தட்டினார். வாடிக்கையாளர் திருப்தியா, ஆம் அல்லது இல்லை என்று கேட்டது. அவர் கை ஒரு நிமிஷம் நின்றது. ஆம் என்பதை அழுத்தினார். சிவப்பு பச்சையாயிற்று.

"அண்ணா," என்றார், "இன்னைக்கு லஞ்சுக்கு அரை மணி நேரம் சேர்த்து எடுத்துக்கங்க."

பொம்மை அறையில் போய் உட்கார்ந்தேன். சாப்பிட முடியவில்லை. மை கரைந்து கன்னத்தில் வழிந்திருந்ததைத் துடைத்துப் புதிதாக வைத்துவிட்டது நூர்ஜகான்தான். அவரிடம் சொன்னேன்.

"அந்தப் பொண்ணு என் மகதாங்க."

"தெரியுமுங்கண்ணா," என்றார். "கண்ணை மூடுங்க, மை உள்ள போயிரும்."

நவம்பர் 7, செவ்வாய்

கூட்டம். வேறொன்றும் இல்லை.

நவம்பர் 9, வியாழன்

மாம்பழ நிறம் எது வந்தாலும் கும்பிடு ஒரு நொடி பிந்துகிறது. இன்று ஏழு.

நவம்பர் 12, ஞாயிறு

தீபாவளி. மதியம் வரைக்கும் கடை. பிறகு அங்கி, தலைப்பாகை, வாள், செருப்பு எல்லாவற்றையும் எண்ணி ஒப்படைத்தேன். மீசையை உரிக்கும்போது என் சொந்த மீசை பாதி கூடவே வந்துவிட்டது. மீதியையும் மழித்துவிட்டேன். கிஷோர் ஸ்வீட் பாக்ஸ் கொடுத்தார். பொங்கலுக்குக் கூப்பிடுவதாகச் சொன்னார். பொங்கலுக்கு ராஜா இல்லையாம், விவசாயியாம். அதற்கும் உயரமான ஆள் வேண்டுமாம்.

நூர்ஜகான் நாளைக்கும் வர வேண்டும். டோக்கன்களை வரிசைப்படுத்திக்கொண்டே, "போய்ப் பாருங்கண்ணா," என்றார். எங்கே என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

பொதுவாசல் வழியாகவே வெளியே வந்தேன்.

நவம்பர் 15, புதன்

அந்த நம்பரை எங்கும் எழுதி வைக்கவில்லை. காகிதத்தில் பார்த்த அன்றே மனசில் நின்றுவிட்டது. மூன்று நாளாக ஒன்பது எண் போட்டுவிட்டுப் பத்தாவது எண்ணில் நிறுத்திக்கொண்டிருந்தேன். இன்று சாயங்காலம் ஐந்து மணிக்குப் பத்தையும் போட்டேன்.

"ரேணு."

"ம். சொல்லுங்க."

"வேலை முடிஞ்சுருச்சு கண்ணு. தீபாவளியோட."

"கால் எப்படி இருக்குது?"

"வத்திருச்சு."

"மாத்திரை?"

"போடறேன்."

அடுத்து என்ன பேசுவது என்று தெரியவில்லை. வீட்டுக்கு வா என்று சொல்ல வாயெடுத்தேன். எந்த வாயால் சொல்வது. "அன்னைக்கு உன்னைய உள்ள விட்டிருக்கோணும்," என்று மட்டும் சொன்னேன். "தப்புப் பண்ணிட்டேன் சாமி."

"இப்ப அதுக்கு என்னங்கப்பா பண்றது."

அப்பா என்றாள். அவளையறியாமல் வந்துவிட்டது போல. உடனே பேச்சை நிறுத்திக்கொண்டாள். பிறகு மெதுவாகத்தான் பேசினாள்.

"அம்மா மூஞ்சிய நான் பாக்கல. தூங்கி எந்திரிச்சா மொதல்ல அதுதான் ஞாபகம் வருது. தினமும். நீங்க அந்த வேஷத்துல வீங்குன காலோட நின்னதப் பாத்தப்ப நெஞ்சு பதறிருச்சு. ஓடி வந்து கையப் பிடிச்சு உக்கார வெக்கலாம்னு தோணுச்சு. ஆனா வர முடியல. ரெண்டுமே நெசந்தான். என்னைய என்ன பண்ணச் சொல்றீங்க?"

"ஒண்ணும் பண்ண வேண்டாம் கண்ணு."

"கொஞ்ச நாள் போகட்டும். எத்தனை நாள்னு கேக்காதீங்க. எனக்கே தெரியாது."

"சரி."

"அவரு கூப்பிட்டுட்டு வரலாம்னுதான் சொல்றாரு. எனக்குத்தான் ஆக மாட்டேங்குது."

எபினேசரைப் பற்றி ஏதாவது கேட்க வேண்டும் என்று நினைத்தேன். நன்றாக இருக்கிறாரா என்றாவது. அதற்குள் அந்தப் பக்கம் கொலுசுச் சத்தம் ஓடிவந்தது.

"அம்மா, போன்ல யாரு?"

போனைக் காதோடு அழுத்திக்கொண்டேன்.

"யாரும்மா?"

"கடையில இருந்து பேசறாங்க கண்ணு," என்றாள்.

குழந்தை ஓடிவிட்டது. அவள் போனை வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை. பிறகு, "சரிங்க," என்று சொல்லி அவள் வைத்துவிட்டாள்.